ஐம்பது மீட்டர் கோடு

அம்பது மீட்டர்னா எவ்வளவு தூரம்னு சொல்லுங்க பாப்போம் தம்பி. சும்மா ஒரு குத்துமதிப்பாச் சொல்லுங்க. அந்தா தெரியுதே பெட்ரோல் பல்க்கு, அதுவரைக்கும்ங்கியளா? கிடையாது. எல்லாரும் அப்படித்தான் கூட்டிச் சொல்லுவாவ. அம்பது மீட்டர் ரொம்பக் கிட்ட. நான் டேப் வச்சு அளந்தவன். என் கடை கேட்டுல இருந்து அம்பது மீட்டருக்குள்ள யூனியன்காரன் ஒருத்தனும் காலு வைக்கக் கூடாதுன்னு ஹைகோர்ட் உத்தரவு. அளக்காம இருக்க முடியுமா?

பேரு தெய்வநாயகம். திருநவேலி பைபாஸ்ல கிரானைட் கடை. போர்டு பாத்திருப்பிய, பெருசா இருக்கும். கேஸ் விசயமாத்தான் மதுரைக்குப் போறோம். நானும் மாப்ளையும். அந்தா, டிரைவருக்குப் பின்னால மூணாவது சீட்டு, நெத்தியில பிளாஸ்திரி போட்டிருக்காரே, அவருதான். என் மகளக் கட்டினவரு. சிவசைலம்னு பேரு. இங்கன நீங்க உக்காந்திருக்க எடம் காலியாத்தான் கெடந்துச்சு. காத்து வேணும்னுட்டு அங்க போயி உக்காந்துட்டாரு. ஒடம்புக்கு முடியல, பாவம்.

என்ன கேஸுன்னு கேக்கல நீங்க. கேக்கலைன்னாலும் சொல்லுதேன். மதுரை போற மட்டுக்கும் வாயப் பொத்திக்கிட்டு வர எனக்கு முடியாது.

எங்க ஜங்ஷன்ல சுமைக்காரனுவ யூனியன் ஒண்ணு இருக்கு. இருபத்திரெண்டு பேரு. நீலச் சட்டை, நெஞ்சுல நம்பர் பில்லை. அந்தப் பக்கம் எந்தக் கடைக்கு லோடு வந்தாலும் அவனுவதான் எறக்கணும், ஏத்தணும். வேற ஆளு தொட்டா வந்து லாரிக்கு முன்னால உக்காந்துருவானுவ. ஒம்போது வருசம் நானும் அவனுவள வச்சுத்தான் எறக்கினேன். அவனுவளுக்குத் தலைவன் முக்காண்டின்னு ஒருத்தன். அம்பத்தஞ்சு வயசு இருக்கும். கறுப்பா, குட்டையா, பேசவே மாட்டான். பேசாதவனத்தான் தம்பி கவனிக்கணும்.

கிரானைட் லோடு பாத்திருக்கியளா? லாரிக்கு நடுவுல கூரை மாதிரி ஒரு இரும்புச் சட்டம் நிக்கும். அதுக்கு ரெண்டு பக்கமும் ஸ்லாப்ப சாய்ச்சு, கயிறு போட்டுக் கட்டி வரும். ஒரு ஸ்லாப்பு கால் டன்னு. இந்த முக்காண்டி என்ன செய்வான்னா, லாரி வந்து நின்ன ஒடனே கை வைக்க மாட்டான். டயருக்குக் கட்டை குடுப்பான். லாரிய ஒரு சுத்துச் சுத்தி வருவான். குனிஞ்சு பாப்பான். அப்புறம் வலது பக்கம் ஒரு கல்லு, இடது பக்கம் ஒரு கல்லு. திரும்பியும் வலது, திரும்பியும் இடது. ஒவ்வொரு கல்லுக்கும் இருபத்திரெண்டு பேரும் அந்தப் பக்கத்துல இருந்து இந்தப் பக்கம் நடந்து வரணும். இது என்னய்யா கோயில் பிரகாரமா? ஒரு பக்கத்த முழுசா முடிச்சிட்டு மறுபக்கம் போனா என்ன? ஒரு லோடு எறங்க நாலு மணி நேரம். அதுக்குள்ள எனக்கு யாவாரம் போயிரும். வேலைய இழுத்து அடிக்கிற தந்திரம் அது. வேற என்ன?

அதான் நானே நாலு ஆளு வச்சேன். ஒடிசாக்காரனுவ. நல்ல ஆளுங்க, சொன்னதச் செய்வானுவ, எதிர்த்து ஒரு வார்த்தை கிடையாது. பாஷை தெரியாதே. ஒரு சின்ன கிரேனும் வாங்கினேன். மொத லோடு வந்த அன்னைக்கு யூனியன்காரனுவ லாரிக்கு முன்னால உக்காந்துட்டானுவ. ரெண்டு நாளு லாரி அப்படியே நின்னுச்சு. லேபர் ஆபீஸ்ல பேச்சுவார்த்தைக்குக் கூப்பிட்டாவ.

அங்க வச்சுத்தான் முக்காண்டி வாயத் தொறந்தான். "மொதலாளி, கூலிய அப்புறம் பேசுவோம். இந்தக் கல்ல எறக்க ஒங்க ஆளுவளுக்குத் தெரியாது. இப்படியே விட்டா ஒரு உசுரு போவும்"னான்.

எப்படிச் சொல்லுதான் பாருங்க. உசுரு போவுமாம். நான் டக்குன்னு ஆபீஸர்ட்ட சொன்னேன், அய்யா இத எழுதிக்கிடுங்க, மிரட்டுதான்னு. ஆபீஸர் அவன்ட்ட திருப்பிக் கேட்டாரு, நீ இப்படிச் சொன்னியாப்பான்னு. அவன் யோசிக்கவே இல்ல. "ஆமாய்யா, சொன்னேன். எழுதிக்கிடுங்க. நல்லாப் பெருசா எழுதுங்க"ன்னான். எழுதினாவ. அவனே கீழ கையெழுத்துப் போட்டான். எங்க வக்கீலு அந்தத் தாளப் பாத்துட்டுக் கைகொட்டிச் சிரிச்சாரு. அண்ணாச்சி, கேஸ அவனே நமக்குச் செயிச்சுக் குடுத்துட்டான்னாரு.

மனுவுல ஏழாவது பத்தியில அத வச்சோம். 'உயிர் போகும் என்று மிரட்டினார்கள்'. எட்டாவது பத்தியில இந்த ரெண்டு பக்கம் மாத்தி மாத்தி எறக்குறத வச்சோம். 'ஒரே பக்கமாக ஒரு மணி நேரத்தில் முடியக்கூடிய வேலையை, வேண்டுமென்றே இரு பக்கமும் மாறி மாறி இறக்கி இழுத்தடிக்கிறார்கள்'. இந்த வார்த்தை நான் சொல்லி எழுதினது தம்பி. வக்கீலு ஒரு எழுத்து மாத்தல.

செயிச்சாச்சு. சொந்த ஆள வச்சு எறக்கலாம், போலீஸ் காவல் உண்டு, அவனுவ அம்பது மீட்டர் தள்ளித்தான் நிக்கணும். உத்தரவ லேமினேஷன் பண்ணி கேட்டுல ஒண்ணு, ஆபீஸ்ல ஒண்ணு மாட்டினேன். டேப் புடிச்சு அளந்து ரோட்டுக்குக் குறுக்க சுண்ணாம்புக் கோடு போட்டேன். அதுல ஒரு கூத்து, அவனுவ டீ குடிக்கிற கடை நாப்பத்தியேழு மீட்டர்ல வருது! மூணு மீட்டர் உள்ள. நான் விடல. போலீஸ்காரர்ட்ட சொல்லி பெஞ்சத் தூக்கி அந்தப் பக்கம் போடச் சொன்னேன். டீக்கடைக்காரன் என்னத் திட்டினான். திட்டட்டுமே. கோர்ட்டு சொன்னா சொன்னதுதான்.

லாரி டயரு பட்டுக் கோடு அழிஞ்சிரும். தெனமும் காலையில நானே போயி திரும்பப் போடுவேன். என் வீட்டுக்காரி ஆவுடை கேப்பா, "வீட்டு வாசல்ல கோலம் போட ஆளக் காணோம், ரோட்டுல போயிக் கோடு போடுதியளே"ம்பா. அவளுக்கு என்ன தெரியும்.

அன்னையில இருந்து அவனுவ அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கம் வந்து நிப்பானுவ. கோஷம் கிடையாது. கொடி கிடையாது. ஒரு கல்லு வீசல, ஒரு கெட்ட வார்த்தை பேசல. வேற கடை வேலை முடிஞ்சதும் வந்து நிப்பானுவ. லோடு எறங்கி முடியுற மட்டுக்கும் நிப்பானுவ. அப்புறம் போயிருவானுவ. இருபத்திரெண்டு பேரு பேசாம நின்னு ஒங்களப் பாத்தா எப்படி இருக்கும்? எனக்குச் சோறு எறங்கல. சண்டை போட்டாக்கூடத் தேவலை. அவனுவ என்னையப் பாக்கல தம்பி, அதான் விசயம். கல்லப் பாத்துக்கிட்டே நிப்பானுவ. எப்பம்டா விழும்னு எதிர்பாத்துக்கிட்டு நிக்கானுவன்னு நான் போலீஸ்ல ஒரு மனு குடுத்தேன். அவுங்க வாங்கி வச்சுக்கிட்டு, நிக்கிறதுக்கெல்லாம் கேஸ் கிடையாது சார்னுட்டாவ.

உத்தரவுக்குப் பொறவு மொத லோடு எறங்கிச்சு. ஒரு மணி பத்து நிமிசம். ரெண்டாவது லோடும் அப்படியே. ஒண்ணும் ஆகல. பாத்தியளா, எட்டாவது பத்தி நெசம்னு ஆகிப் போச்சா இல்லியா? இது இடைக்கால உத்தரவுதான, கேஸு திரும்ப விசாரணைக்கு வரும்போது காட்டணும்னுட்டு ஒவ்வொரு லோடையும் கேமராவுல புடிக்கச் சொன்னாரு வக்கீலு. மணியோட விழும் அதுல.

ஆனா மாப்ளைக்கு மட்டும் என்னமோ மனசு சரியில்ல. ரெண்டாவது லோடு எறங்குன அன்னைக்கு வந்து, "மாமா, லாரி ஒரு பக்கமாச் சாயுது. நாமளும் அவங்க மாதிரியே மாத்தி மாத்தி எறக்கிருவோமா? கொஞ்சம் நேரம் ஆனா ஆவட்டும்"னாரு.

நான் என்ன சொல்ல? நீங்களே சொல்லுங்க. அங்க இருபத்திரெண்டு பேரு நிக்கானுவ. அவனுவ கண்ணு முன்னால நாம மாத்தி மாத்தி எறக்கினா என்ன அர்த்தம்? கோர்ட்டுல நாம சொன்னது பொய்னு அர்த்தம். அவனுவளும் செல்லுல படம் புடிக்கானுவ தெரியும்லா. நாளைக்கே அத ஜட்ஜுட்ட காட்டுவானுவ, பாருங்க எசமான், அவுங்களும் எங்கள மாதிரித்தான் எறக்குதாவன்னு. அப்புறம் உத்தரவு நிக்குமா? "மாப்ள, கேஸ் முடியுற வரைக்கும் ஒரு பக்கமாத்தான் எறக்கணும்"னுட்டேன். அவரும் எதுத்துப் பேசல. நல்ல புள்ள. இன்னைய வரைக்கும் என் பேச்சத் தட்டினது கிடையாது.

சாத்தூர் தாண்டித்தான நிப்பாட்டுவான்? கோவில்பட்டியிலயா? சரி சரி.

மூணாவது லோடு போன செவ்வாக்கெழமை. பெரிய லோடு, ஆந்திராவுல இருந்து. நல்ல வெயிலு. ரெண்டு போலீஸ்காரங்க நெழல்ல சேரு போட்டு உக்காந்திருந்தாங்க. பத்தரைக்கு ஆரம்பிச்சோம். வலது பக்கம் கடகடன்னு காலியாகுது. எனக்குச் சந்தோசம்னா சந்தோசம். யூனியன்காரனுவ வழக்கம் போல நின்னானுவ. கொஞ்ச நேரம் கழிச்சு அங்க இருந்து ஏதோ சத்தம் போட்டானுவ. என்ன சொன்னானுவன்னு எனக்குக் கேக்கல. ரோட்டுல ஓயாம வண்டிச் சத்தம், கிரேன் சத்தம் வேற. பாத்தா எல்லாரும் கோட்டுகிட்ட வந்து வரிசையா நிக்கானுவ. காலு விரலு சுண்ணாம்புல படுற மாதிரி. ஆனா ஒருத்தனும் தாண்டல. கோடு வேலை செஞ்சிச்சு தம்பி. அத நான் சொல்லத்தான் செய்வேன்.

பதினொண்ணு நாப்பத்திரெண்டுக்கு முக்காண்டி தாண்டினான்.

ஓடி வந்தான். அந்த வயசுல அப்படி ஒரு ஓட்டம். போலீஸ்காரர் ஏய் ஏய்னு எந்திரிச்சாரு. நிக்கல. கேட்டுக்குள்ள பூந்து, லாரிக்கு இடது பக்கம் போனான். அங்க மாப்ளையும் ஒரு ஒடிசாக்காரனும் கீழ நின்னு கயித்தப் புடிச்சிக்கிட்டு இருந்தாவ. மாப்ளையச் சட்டைக் காலரோட புடிச்சுத் தூக்கி எறிஞ்சான். அதுலதான் நெத்தியில அடி. திரும்பி அந்த ஒடிசாக்காரன் கையப் புடிச்சான். அதுக்குள்ள வந்திருச்சு. சட்டத்தோட பதினோரு ஸ்லாப்பு.

அந்தச் சத்தம் இருக்கே. வேண்டாம் விடுங்க.

ஒடிசாக்காரன் அங்கயே போயிட்டான். அவன் பேரு என்னன்னு போலீஸ் கேக்கும்போது எனக்குச் சொல்லத் தெரியல. ஆதார் கார்ட எடுத்துப் பாத்துத்தான் எழுதிக் குடுத்தேன். இப்பவும் வாயில நுழையல. முக்காண்டிக்கு முழங்காலுக்குக் கீழ எடுத்துட்டாவ. பெரியாஸ்பத்திரியில கெடக்கான். கல்லு விழுந்த ஒடனே மிச்சம் இருபத்தோரு பேரும் கோட்டத் தாண்டி வந்துட்டானுவ. கிரேனுக்குக் காத்திருக்கல, கையாலயே கல்லத் தூக்குனானுவ. அழுதுக்கிட்டே தூக்குனானுவ. வக்கீல்ட்ட சொன்னேன். இருபத்தோரு பேரா, சரியா எண்ணினியளான்னு கேட்டுக் குறிச்சுக்கிட்டாரு.

இப்பம் என் மேல கேஸு. கவனக்குறைவா இருந்து ஒரு ஆளச் சாகடிச்சேன்னு. என்னைய உள்ள தூக்கி வைக்கப் போறாங்களாம். அறுபத்திரெண்டு வயசு தம்பி எனக்கு. சுகரு இருக்கு. நான் ஜெயில்ல கெடக்க முடியுமா?

வக்கீலு ஒரு வழி சொன்னாரு. கோர்ட்டு உத்தரவ மீறி யூனியன்காரன் உள்ள வந்திருக்கான், அது கேமராவுல இருக்கு, அவன் வந்து லாரிகிட்ட கலாட்டா பண்ணினதுலதான் கல்லு சரிஞ்சுதுன்னு போட்டுருவோம்னாரு. கோர்ட்டு அவமதிப்பு ஒண்ணு, சாவுக்குக் கேஸ் ஒண்ணு. அப்ப ஆஸ்பத்திரியிலயே வச்சு அவனக் கைது பண்ணிருவாங்க. படம் பதினொண்ணு நாப்பத்திரெண்டுல இருந்து போதும்னாரு. அவன் தாண்டுறது, ஓடி வர்றது, மாப்ளையத் தள்ளுறது, கல்லு விழுறது. பாக்குறவனுக்கு வரிசையா அப்படித்தான் தெரியும். அதுக்கு முந்தி உள்ளது எதுக்கு, சும்மா வேலை நடக்குறதுதான.

ஒண்ணே ஒண்ணுதான் பாக்கி. மாப்ள கையெழுத்து. அடிபட்ட ஆளே, முக்காண்டி தள்ளினதாலதான் விழுந்துச்சுன்னு சொன்னா அதுக்கு மதிப்பு ஜாஸ்தியாம். இன்னைக்கு மூணு மணிக்கு வக்கீல் ஆபீஸ்ல போடணும்.

நீங்க ஏன் அப்படிப் பாக்கிய? அவன் காப்பாத்தத்தான் வந்தான், எனக்குத் தெரியாதா? நான் இல்லைங்கல. ஆனா தாண்டினானா இல்லியா? தாண்டினான்ல. அது நெசம்தான? கோர்ட்டுக்கு நெசம்தான வேணும்.

எங்க வீட்டுல ஆவுடை பேச்ச நிப்பாட்டிட்டா. தெனமும் தூக்குவாளியில சோறு எடுத்துக்கிட்டு ஆஸ்பத்திரிக்குப் போறா. முக்காண்டி பொண்டாட்டிக்கு. எதிர்த் தரப்புக்குச் சோறு கொண்டு போறாளே, நாளைக்கு இதையே சாட்சியா வைப்பானேன்னு நான் கத்துதேன். திரும்பிக்கூடப் பாக்கல. மக அதுக்கு மேல. எம் புருசன் உசுரோட இருக்கது ஒங்களால இல்லப்பாங்கா. மாப்ள மட்டும்தான் ஒண்ணும் சொல்லல. நேத்து ராத்திரி படத்த முழுசாப் போட்டுப் பாத்துக்கிட்டு இருந்தாரு. காலையில எந்திரிச்சு, போலாம் மாமான்னு பைய எடுத்துட்டுக் கெளம்பிட்டாரு. அதான் சொல்லுதேன், நல்ல புள்ள.

கோவில்பட்டி வந்துருச்சா? டீ குடிக்கியளா? நான் குடிக்க மாட்டேன், சுகரு. மாப்ள எறங்குதாரு பாருங்க. காத்தாட நின்னா நல்லதுதான். பையோட எறங்குதாரே, பைய இங்கன வச்சிட்டுப் போலாம்லா. படம் எல்லாம் அதுலதான் இருக்கு, யாரும் எடுத்துருவாங்கன்னு பயம் போல. பொறுப்பான ஆளு.

மாப்ள! டீ குடிச்சிட்டு வெரசா வாங்க!

கேக்கல. சத்தமா இருக்கு.

டீக்கடைய விட்டுத் தள்ளிப் போறாரே தம்பி. கக்கூஸ் இந்தப் பக்கம்லா இருக்கு. அந்தா நிக்குற பஸ்ஸு எங்க போறது? போர்டு தெரியல எனக்கு, கண்ணாடிய வீட்டுல வச்சிட்டேன். படிச்சுச் சொல்லுங்க. திருநவேலியா? சரியாப் பாருங்க. திருநவேலியா?

கண்டக்டர், விசில் அடிச்சிராதீங்க, எங்க ஆளு ஒருத்தரு வரணும். ஒரு நிமிசம். மாப்ள! ஏய் மாப்ள! தம்பி, நீங்க ஒரு சத்தம் குடுங்களேன். ஒங்க கொரலுக்குத் திரும்பினாலும் திரும்புவாரு.

ஏறிட்டாரா?

முழுப் படமும் அவருட்டதான் இருக்கு தம்பி. பதினொண்ணு இருபத்தெட்டுல இருந்து இருக்கு. முக்காண்டி கோட்டுல நின்னு ரெண்டு கையும் தூக்கிக் கத்துதான், "மொதலாளி, அந்தப் பக்கம் போதும், இந்தப் பக்கம் எடுங்க, கும்புடுதேன் மொதலாளி"ங்கான். பதினாலு நிமிசம் கத்துதான். எல்லாம் தெளிவாக் கேக்குது. மாப்ள கையக் காட்டி வேலைய நிப்பாட்டிட்டு என்னையப் பாக்காரு. நான் கேட்டுகிட்ட நிக்கேன். போலீஸ்காரர்ட்ட திரும்பி, பாத்தியளா பயப்படுத்துதான்ங்கேன். அப்புறம் மாப்ளையப் பாத்து, நீங்க எறக்குங்கன்னு கையக் காட்டுதேன்.

சிரிக்கேன் தம்பி. அதுல நான் சிரிக்கேன்.